ரோமின் இரு ஆலயங்கள்: புதைத்துக் கட்டியதும் இடித்துக் கட்டியதும்

ரோமுக்குப் போகிறவர்கள் இடைக்கால ரோமைத் தேடிப் போவதில்லை. கொலோசியத்தையும் வத்திக்கானையும் பார்த்துவிட்டு ஊர் திரும்புகிறார்கள். சீசர்களின் நகரத்துக்கும் மைக்கேலாஞ்சலோவின் நகரத்துக்கும் நடுவே ஆயிரம் ஆண்டுகள் அங்கே யாரும் எதையும் கட்டவில்லை என்ற எண்ணமே பலருக்கு இருக்கிறது. உண்மையில் 1100க்கும் 1150க்கும் இடைப்பட்ட காலத்தில் ரோம் தன் பழைய ஆலயங்களை ஒன்றன்பின் ஒன்றாகப் புதிதாக எழுப்பிக்கொண்டிருந்தது. பேரரசுக் காலத்து மதிலுக்குள் பெரும்பகுதி திராட்சைத் தோட்டமும் மேய்ச்சல் நிலமும் இடிபாடுமாகக் கிடந்தது. மக்கள் ஆற்று வளைவை ஒட்டி நெருங்கி வாழ்ந்தார்கள். அப்படிச் சுருங்கிப்போன ஊரில்தான் இவ்வளவு கட்டட வேலை நடந்தது.

அவற்றுள் இரண்டை இங்கே அருகருகே வைத்துப் பார்க்கிறேன். ஒன்று, கொலோசியத்திலிருந்து லாத்தரன் பேராலயத்துக்குப் போகும் வழியில் உள்ள சான் கிளெமெந்தே என்னும் புனித கிளமெந்து ஆலயம். மற்றொன்று, டைபர் ஆற்றுக்கு அக்கரையில் திராஸ்தேவெரே பகுதியில் உள்ள புனித மரியா ஆலயம். முன்னது 12ஆம் நூற்றாண்டின் முதல் கால்பகுதியில் எழுந்தது. பின்னது 1140ஐ ஒட்டித் தொடங்கியது. ஒரு தலைமுறை இடைவெளிதான். இரண்டும் பழைய ஆலயம் இருந்த இடத்திலேயே எழுந்த புதிய ஆலயங்கள். இரண்டிலும் பழைய ரோமின் கற்கள் இருக்கின்றன. இரண்டின் பின்னாலும் திருத்தந்தைப் பதவிக்காக நடந்த கடுமையான சண்டை ஒன்று இருக்கிறது. இத்தனை ஒற்றுமைகள் இருந்தும், முன்னிருந்ததை என்ன செய்வது என்ற கேள்விக்கு இரண்டும் நேர்மாறான பதில்களைத் தந்தன.

கிளமெந்து முதல் நூற்றாண்டின் இறுதியில் ரோம் திருச்சபையை வழிநடத்தியவர். கருங்கடல் பக்கம் நாடு கடத்தப்பட்டு, கழுத்தில் நங்கூரம் கட்டிக் கடலில் தள்ளப்பட்டார் என்பது மரபு. அவர் நினைவைக் காக்கும் ஆலயம் ஒன்று ரோமில் இருப்பதாக 392இல் புனித ஜெரோம் எழுதியிருக்கிறார். 417இல் திருத்தந்தை சோசிமுஸ் இங்கே அமர்ந்துதான் பெலாஜியக் கொள்கை வழக்கை விசாரித்தார். இத்தனை செய்திகளையும் இன்று தெருவிலிருந்து உள்ளே போனால் காணும் ஆலயத்தோடு பொருத்தியே பல நூற்றாண்டுகள் படித்தார்கள். 1857இல் அங்கிருந்த அயர்லாந்து தொமினிக்கன் சபைத் தலைவர் ஜோசப் முல்லூலி தரைக்குக் கீழே தோண்டத் தொடங்கியபோதுதான், ஜெரோம் குறிப்பிட்ட ஆலயம் வேறு, கண்ணுக்குத் தெரிவது வேறு என்பது வெளிப்பட்டது. நான்காம் நூற்றாண்டு ஆலயம் முழு நீளத்துக்கும் கீழே புதைந்திருந்தது. அதற்கும் கீழே முதல் நூற்றாண்டுக் கட்டடங்கள் இரண்டு; அவற்றுள் ஒன்றில் மித்ரா வழிபாட்டுக் கூடம், காளையைக் கொல்லும் மித்ராவைச் செதுக்கிய பலிபீடத்தோடு கிடைத்தது.

கீழ் ஆலயத்தை ஏன் கைவிட்டார்கள்? 1084இல் பேரரசர் நான்காம் ஹென்றியிடமிருந்து திருத்தந்தை ஏழாம் கிரகோரியை மீட்க வந்த இராபர்ட் கிஸ்கார்டின் நார்மன் படை லாத்தரனுக்கும் கொலோசியத்துக்கும் இடைப்பட்ட பகுதியைக் கொளுத்தியது. ஆலயம் அதில் அழிந்தது என்றுதான் நெடுநாள் சொல்லிவந்தார்கள். ஆனால் கீழே உள்ள சுவரோவியங்கள் தீயில் வெந்தவைபோல் இல்லை. அவற்றுள் சில 11ஆம் நூற்றாண்டின் கடைசிப் பகுதியைச் சேர்ந்தவை. எனவே தீயைவிட வேறு காரணங்களே பொருந்தும்: சுற்றியிருந்த தெருவின் மட்டம் உயர்ந்துவிட்டது, சுவர்கள் நலிந்துவிட்டன. இன்னொரு காரணத்தையும் அண்மைக்கால ஆய்வாளர்கள் சிலர் முன்வைக்கிறார்கள். 1080 முதல் 1100 வரை கிரகோரியின் தரப்புக்கு எதிர்த்திருத்தந்தையாக நின்ற ராவென்னாவின் விபெர்த் தனக்கு வைத்துக்கொண்ட பெயர் மூன்றாம் கிளமெந்து. அந்தப் பெயரின் புகழ் பாடும் ஓவியங்கள் நிறைந்த கூடம் எதிர்த்தரப்பின் கண்ணில் எப்படிப்பட்டிருக்கும்? 1099 ஆகஸ்டில் திருத்தந்தையாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட இரண்டாம் பாஸ்கால் இதே ஆலயத்தின் கர்தினாலாக இருந்தவர். தேர்தல் நடந்ததும் இங்கேதான். அவர் காலத்தில்தான் மண்ணிட்டு நிரப்பும் வேலை தொடங்கியது. இந்த ஊகம் முழுமையாக நிறுவப்படவில்லை. ஆனாலும் புறந்தள்ள முடியாதது.

அந்த ஓவியங்களைப் பற்றி ஒரு சொல் கூடுதலாகச் சொல்ல வேண்டும். பெனோ தெ ராபிசா என்ற ரோம நகரத்தாரும் அவர் மனைவி மரியாவும் செலவு செய்து வரைவித்தவை அவை. அவர்களும் பிள்ளைகளும் படத்திலேயே நிற்கிறார்கள். ஒரு காட்சியில், கிளமெந்தைக் கட்டி இழுத்து வரும்படி சிசின்னியுஸ் என்ற அதிகாரி ஆட்களை ஏவுகிறான். கண் மயங்கிய அவர்கள் ஒரு கல்தூணைக் கட்டி இழுக்கிறார்கள். புனிதரின் வார்த்தைகள் லத்தீனில் எழுதப்பட்டிருக்கின்றன; சிசின்னியுஸ் ஆட்களைத் திட்டி விரட்டுவது தெருப்பேச்சில். இத்தாலிய மொழி எழுத்தில் பதிவான மிகப் பழைய சான்றுகளுள் அது ஒன்று. புதிய ஆலயத்தின் தரைக்காகக் கீழ்ச் சுவர்களின் மேல்பகுதியை வெட்டியபோது, ஓவியங்களின் மேல்வரிசையில் இருந்தவர்களின் தலைகளும் போயின. ஆனால் கீழ்வரிசைகள் மண்ணின் அணைப்பில் ஏழரை நூற்றாண்டு அப்படியே தங்கின. திறந்து கிடந்திருந்தால், பிற்காலத்துப் பூச்சுக்கோ பளிங்குப் பலகைக்கோ இரையாகியிருக்கும்.

மேலே எழுந்த புதிய ஆலயம் அளவில் சிறியது. பழைய நடுக்கூடம் அகலமானது. அதன் மேல் புதியதை ஒடுக்கமாகக் கட்டினார்கள். நடுக்கூடத்துக்கும் பக்கக்கூடங்களுக்கும் இடையே தூண்வரிசை, அதன் மேல் வளைவுகள், வரிசையின் நடுவில் ஒரு தடித்த கம்பம். குறுக்குக்கூடம் கிடையாது. எளிய அமைப்புதான். ஆனால் உள்ளே வைத்த பொருள்களைப் பார்த்தால் கட்டியவர்களின் மனம் தெரியும். பாடகர் குழு நிற்கும் பளிங்குத் தடுப்பு கீழ் ஆலயத்தில் இருந்தது. ஆறாம் நூற்றாண்டுப் பலகைகள். அவற்றில் இரண்டாம் யோவானின் பெயர்ச்சின்னம் செதுக்கப்பட்டிருக்கிறது. 533இல் திருத்தந்தையான இவர் அதற்கு முன் இதே ஆலயத்தின் குருவாக இருந்த மெர்குரியுஸ். புறச்சமயக் கடவுளின் பெயர் பதவிக்கு ஒவ்வாதென்று பெயரை மாற்றிக்கொண்ட முதல் திருத்தந்தை. பலகைகளைப் பெயர்த்து மேலே கொண்டுவந்து, சிறிய கூடத்துக்கு ஏற்பச் சேர்த்து நிறுத்தினார்கள். பலிபீடத்துக்குப் பின்னால் உள்ள ஆயர் இருக்கையின் முதுகுக்கு எடுத்தது பழைய கல்வெட்டு ஒன்றின் துண்டு. மறைசாட்சி என்று பொருள்படும் சொல் அமர்பவரின் முதுகுக்குப் பின்னால் வரும்படி அதை வைத்தார்கள். கட்டுவித்த கர்தினால் அனஸ்தாசியுஸ் தாமே இந்த வேலையைத் தொடங்கி முடித்ததாக அதே இருக்கையில் பொறித்திருக்கிறார். அவர் உருவத்தை எங்கும் வைக்கவில்லை.

வெளியே நான்கு பக்கமும் தாழ்வாரம் சூழ்ந்த முற்றம் இருக்கிறது. 12ஆம் நூற்றாண்டில் அது நடைமுறையில் ஏறத்தாழ மறைந்துவிட்ட பழைய வழக்கம். வேண்டுமென்றே கட்டினார்கள். அப்படியானால் சான் கிளெமெந்தே தன் புதுமையை மறைக்கவே கட்டப்பட்ட ஆலயம் என்று நான் சொல்வேன். உள்ளே வந்தவர் நான்காம் நூற்றாண்டின் அதே ஆலயத்தில் நிற்பதாக நம்ப வேண்டும். அந்த நோக்கம் எவ்வளவு வெற்றி பெற்றதென்றால், 1857 வரை அறிஞர்களும் நம்பினார்கள்.

அக்கரை ஆலயத்தின் கதை வேறு. மூன்றாம் நூற்றாண்டுத் திருத்தந்தை கலிஸ்துவின் பெயரோடும், நான்காம் நூற்றாண்டின் யூலியுஸ் பெயரோடும் இணைந்த பழைமை அதற்கும் உண்டு. கி.மு. 38இல் இங்கே தரையிலிருந்து எண்ணெய் ஊற்றெடுத்து டைபர் வரை ஓடியது என்றும், அது கிறிஸ்துவின் வருகைக்கு முன்னறிவிப்பு என்றும் நம்பிக்கை. அந்த இடம் இன்றும் பீடத்தருகே குறிக்கப்பட்டிருக்கிறது. ஒன்பதாம் நூற்றாண்டில் திருத்தந்தை நான்காம் கிரகோரி அந்த ஆலயத்தைச் சீரமைத்தார். 12ஆம் நூற்றாண்டில் அது இடிக்கப்பட்டது.

இடிக்கச் செய்தவர் திருத்தந்தை இரண்டாம் இன்னொசென்ட். பாப்பரெஸ்கி குடும்பத்தவர், திராஸ்தேவெரேவின் மண்ணைச் சேர்ந்தவர். 1130 பிப்ரவரி 14 அன்று கர்தினால்களில் ஒரு பகுதியினர் விடியற்காலையில் அவரைத் தேர்ந்தெடுத்தார்கள். அதே நாளில் பெரும்பான்மையினர் பியெத்ரோ பியெர்லெயோனியைத் தேர்ந்தெடுத்து இரண்டாம் அனக்லேத் என்று பெயரிட்டார்கள். ரோம் அனக்லேத்தின் கையில். இன்னொசென்ட் பிசாவுக்கும் பிரான்சுக்கும் ஓடி, கிளேர்வோ மடத்துத் துறவி பெர்னார்தின் ஆதரவோடு எட்டு ஆண்டுகள் காத்திருந்தார். 1138 சனவரியில் அனக்லேத் இறந்தார். மறு ஆண்டு லாத்தரனில் பொதுச்சங்கம் கூட்டி, எதிர்த்தரப்பு வழங்கிய பட்டங்களையெல்லாம் இன்னொசென்ட் செல்லாதவை ஆக்கினார். பிறகு கட்டட வேலைக்கு அவர் தேர்ந்தெடுத்தது திராஸ்தேவெரேவின் மரியா ஆலயத்தை. அனக்லேத் திருத்தந்தையாவதற்கு முன் கர்தினாலாக இருந்ததும் இதே ஆலயத்துக்குத்தான். சொந்த ஊர்ப் பற்று ஒரு காரணம் என்பதில் ஐயமில்லை. ஆனால் எதிரியின் ஆலயத்தை அடித்தளம்வரை இடித்துவிட்டுக் கட்டியதை வெறும் ஊர்ப்பற்றாகப் பார்க்க என்னால் முடியவில்லை.

உள்ளே நுழைந்ததும் கண்ணில் படுவது தூண்கள். 22 பெருங்கருங்கல் தூண்கள், உயரத்திலும் பருமனிலும் ஒன்றுக்கொன்று வேறுபட்டவை. பெரும்பாலானவை நகரின் தென்கோடியில் இருந்த கராகல்லா பேரரசனின் நீராட்டு மாளிகையிலிருந்து வந்தவை என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். ஆற்றைக் கடந்து அவ்வளவு கனத்தை இழுத்து வந்திருக்கிறார்கள். கீழ் ஆலயத்துச் சுவரில் சிசின்னியுஸின் ஆட்கள் கயிறு கட்டி இழுக்கும் தூணைப் பார்த்தவருக்கு, அந்த உழைப்பை ஓவியன் எங்கே கண்டிருப்பான் என்று வியக்கத் தேவையில்லை; அக்கால ரோமில் அது அன்றாடக் காட்சி. தூண்களின் மேல் வளைவு கிடையாது. ஒரு கோடியிலிருந்து மறுகோடி வரை நேர் உத்தரம் ஓடுகிறது, பழைய கோயில்களின் துண்டுகளைத் தாங்கி. நேர் உத்தரத்துக்கு மிகக் கனத்த கல்லும் நெருங்கிய தூண்களும் வேண்டும். வளைவு எளிது, மலிவு. கடினமானதை ஏன் தேர்ந்தார்கள்? கான்ஸ்டன்டைன் எழுப்பிய பழைய புனித பேதுரு பேராலயத்தின் நடுக்கூடம் அப்படித்தான் இருந்தது. அதற்கு இருந்ததுபோல இங்கும் குறுக்குக்கூடம் வைத்தார்கள். இன்னொசென்ட் தன் ஊரில் ஒரு புனித பேதுரு ஆலயத்தைக் கட்டினார்.

சான் கிளெமெந்தே எடுத்துக்கொண்ட பழைமை அதன் சொந்த வீட்டுப் பழைமை: அதன் குரு விட்டுச் சென்ற தடுப்பு, அதன் மறைசாட்சியின் கல்வெட்டு. மரியா ஆலயம் எடுத்துக்கொண்டது பேரரசின் பழைமையை. இரண்டும் பழைய கல்லைப் பயன்படுத்தின என்று ஒரே வரியில் எழுதிவிட்டுப் போகும் நூல்கள் இந்த வேறுபாட்டைத் தவறவிடுகின்றன. முதலாவது தாத்தாவின் நாற்காலியை மாடிக்கு ஏற்றியது போன்றது. இரண்டாவது அரண்மனையை வென்று வாகைப்பொருள் கொண்டுவந்தது போன்றது. இன்னொசென்டின் மனம் அப்படித்தான் இயங்கியது என்பதற்கு வேறொரு சான்றும் உண்டு. தன் கல்லறைக்கு அவர் எடுத்துக்கொண்டது ஹேட்ரியன் பேரரசனுடையதாகக் கருதப்பட்ட செந்நீலப் பாறைப் பெட்டி. லாத்தரனில் வைக்கப்பட்ட அது 14ஆம் நூற்றாண்டுத் தீ விபத்தில் பாழாக, அவர் எலும்புகளைத் திராஸ்தேவெரேவுக்கே கொண்டுவந்தார்கள்.

பலிபீடத்துக்குப் பின்னால் உள்ள அரைவட்ட மாடங்களுக்கு வருவோம். இரண்டிலும் பொன்னிற மொசைக். இரண்டிலும் எசாயாவும் எரேமியாவும் பக்கத்தில் நிற்கிறார்கள். இரண்டிலும் கீழே ஆட்டுக்குட்டிகளின் வரிசை எருசலேமிலிருந்தும் பெத்லகேமிலிருந்தும் புறப்பட்டு நடுவை நோக்கி வருகிறது. சட்டகம் ஒன்றே. உள்ளே இருப்பது வேறு.

சான் கிளெமெந்தேயின் மாடத்தில் நடுவில் சிலுவை. அதில் 12 வெண்புறாக்கள். இருபுறமும் மரியாவும் யோவானும். சிலுவையின் அடியிலிருந்து ஒரு கொடி கிளைத்து, சுருள் சுருளாகச் சுழன்று முழு மாடத்தையும் நிரப்புகிறது. வேரடியில் நான்கு ஆறுகள் பிறக்கின்றன. கலைமான்கள் குனிந்து நீர் அருந்துகின்றன. திருப்பாடல் 42ஐ அறிந்தவருக்கு அந்த மானின் தாகம் புரியும். சுருள்களுக்கு நடுவே திருச்சபையின் மறைவல்லுநர்கள் எழுதிக்கொண்டிருக்கிறார்கள். கீழே ஒரு பெண் கோழிகளுக்குத் தீனி போடுகிறாள். இடையர்கள் மந்தையோடு இருக்கிறார்கள். சிலுவை மரணத்தின் அடியிலேயே கோழிக்குத் தீனி போடும் பெண்ணுக்கும் இடம் தந்த அந்தக் கலைஞனை நான் மிகவும் மதிக்கிறேன். இந்தக் கொடிச்சுருளின் முன்னோடியை லாத்தரன் திருமுழுக்கு மண்டபத்தின் ஐந்தாம் நூற்றாண்டு மொசைக்கில் பார்க்கலாம். கீழ் ஆலயத்தின் மாடத்தில் இருந்ததையே நினைவில் வைத்து இதைச் செய்தார்கள் என்று கருதுவோரும் உண்டு. எப்படியானாலும், 12ஆம் நூற்றாண்டுக் கைகள் ஐந்தாம் நூற்றாண்டின் மொழியைப் பேசின.

மரியா ஆலயத்தின் மாடத்தில் கொடி இல்லை, ஆறு இல்லை. ஒரே அரியணையில் கிறிஸ்துவும் மரியாவும் அமர்ந்திருக்கிறார்கள். மகன் தாயின் தோளில் கை போட்டிருக்கிறார். மரியா முடி சூடி, பைசாந்தியப் பேரரசி போல் மணிகள் பதித்த உடை அணிந்திருக்கிறாள். இருவர் கையிலும் இனிமைமிகு பாடலை ஒட்டிய வரிகள். தாயும் மகனும் இப்படிச் சமமாக வீற்றிருக்கும் காட்சி இதற்குமுன் ரோமின் மாடங்களில் இல்லாதது. மரியாவின் முடி மட்டும் புதிதல்ல: இந்த ஆலயத்திலேயே உள்ள மிகப் பழைய மரியா படத்தில் அவள் முடியணிந்த அரசி. விண்ணேற்பு விழாவின் முந்தைய இரவில் லாத்தரனிலிருந்து மீட்பர் படம் பவனியாகச் சென்று மரியா படத்தைச் சந்திப்பது அக்கால ரோமின் பெருவிழா. அந்தச் சந்திப்பையே கலைஞர்கள் நிலையாக்கினார்கள் என்று ஆய்வாளர்கள் சிலர் இணைத்துப் பார்க்கிறார்கள். எனக்கும் அது பொருத்தமாகப் படுகிறது. அரியணையின் இருபுறமும் புனிதர்கள். இடது ஓரத்தில், புதிய ஆலயத்தின் சிற்றுருவைக் கையில் ஏந்தி இன்னொசென்ட் நிற்கிறார். கலிஸ்து இருக்கிறார், யூலியுஸ் இருக்கிறார். பத்தாண்டுகள் இங்கே கர்தினாலாக இருந்த பியெர்லெயோனியின் தடம் எங்கும் இல்லை. எரேமியாவின் பக்கத்தில் கூண்டில் அடைபட்ட சிறு பறவை ஒன்று உண்டு. புலம்பல் நூலின் வரி ஒன்றுக்கு வரைந்த உருவகம், நம் பாவங்களுக்காகப் பிடிபட்ட கிறிஸ்து. அரசவைக் கோலம் நிறைந்த அந்த மாடத்தில் என்னை அதிகம் நிறுத்துவது அந்தப் பறவைதான்.

இந்த அரசவைக்குக் கீழே 1290களில் பியெத்ரோ கவல்லினி மரியாவின் வாழ்க்கையை ஆறு காட்சிகளாகச் செய்தார். மனிதர்களுக்கு எடை வந்தது. துணி மடிப்பில் நிழல் விழுந்தது. இயேசு பிறப்புக் காட்சியில் சிறு கட்டடம் ஒன்றிலிருந்து எண்ணெய் ஓடி ஆற்றில் கலக்கிறது: ஆலயத்தின் சொந்தக் கதை அங்கேதான் திரும்பி வருகிறது. சான் கிளெமெந்தேயில் இதற்கு இணையாக, 15ஆம் நூற்றாண்டில் மசொலினோ வரைந்த புனித கத்தரீன் சிற்றாலயம் உண்டு. அழகானதுதான், ஆனால் ஆலயத்தின் கதையோடு அவ்வளவாக ஒட்டாது. 18ஆம் நூற்றாண்டு இரண்டிலும் கை வைத்தது. திராஸ்தேவெரேவின் முகமண்டபம் 1702இல் கார்லோ ஃபொந்தானா கட்டியது. சான் கிளெமெந்தேயின் கூரையும் முகப்பும் சில ஆண்டுகள் கழித்து மாறின. இரண்டும் அதைத் தாங்கிக்கொண்டன.

பெரிய வேறுபாடு 19ஆம் நூற்றாண்டில் மீண்டும் தலைதூக்கியது. 1867இல் முல்லூலியின் ஆட்கள் மித்ரா கூடத்தை எட்டினார்கள். நிலத்தடி நீர் அதை மூழ்கடித்தது. 1912க்கும் 1914க்கும் இடையில் தொமினிக்கன் சபையினர் ஆழத்தில் சுரங்கம் வெட்டி, நீரைக் கொலோசியம் வழியாகப் பண்டைய பெருஞ்சாக்கடையில் சேர்த்தார்கள். ஒரு கிறிஸ்தவத் துறவற சபை பெரும் பாடுபட்டு, தன் ஆலயத்துக்குக் கீழே வேறொரு சமயத்தின் பலிபீடத்தை உலகம் பார்க்கும்படி செய்தது. முல்லூலி தோண்டிக்கொண்டிருந்த காலத்திலேயே அக்கரையில் திருத்தந்தை ஒன்பதாம் பயஸ் ஆணைப்படி மரியா ஆலயத்தில் பெரும் புதுப்பிப்பு வேலை நடந்தது. கராகல்லாவிலிருந்து வந்த போதிகைகள் சிலவற்றில் இசிஸ், செராபிஸ், ஹார்ப்போகிராத்தெஸ் என்னும் எகிப்தியக் கடவுளரின் முகங்கள் இருந்தன. ஏழு நூற்றாண்டுகளாக மரியாவைத் தொழ வந்தவர்களுக்கு அவை இடையூறாக இருந்ததாகத் தெரியவில்லை. அவை யாருடைய முகங்கள் என்று அறிஞர்கள் அடையாளம் கண்டதும், 1870இல் அவற்றை உளியால் சிதைத்தார்கள்.

இன்னொசென்ட் செய்யாததை இந்தப் புதுப்பிப்பு செய்தது. அவர் பழைய ஆலயத்தை இடித்தார். எதிரியின் நினைவைத் துடைத்தார். ஆனால் பேரரசின் கற்களை அவற்றின் முகங்களோடுதான் ஏற்றுக்கொண்டார். வென்றவனுக்கு அந்த முகங்கள் அச்சம் தரவில்லை. இந்த ஒரு புள்ளியில் அவரும் அனஸ்தாசியுஸும் ஒரே காலத்தவர், ஒரே மனத்தவர். மற்ற எல்லாவற்றிலும் நான் அனஸ்தாசியுஸின் பக்கம். அவர் தரப்பு புதைத்தது மறைப்பதற்காகவே இருந்தாலும், புதைத்ததால் 11ஆம் நூற்றாண்டு ரோமின் பேச்சும் முகமும் நிறமும் நமக்குக் கிடைத்தன. திராஸ்தேவெரேவில் அதே நூற்றாண்டு எப்படி இருந்தது என்று கேட்டால் காட்டுவதற்கு அடித்தளத் துண்டுகளுக்கு மேல் அதிகம் இல்லை. ரோமில் ஒரு நாள் கூடுதலாக இருப்பவர் முதலில் ஆற்றைக் கடந்து மரியா ஆலயத்தின் தூண்களைப் பார்க்கட்டும். அதன் பிறகு சான் கிளெமெந்தேயின் படிகளில் கீழே இறங்கட்டும். அந்த வரிசையில் பார்த்தால்தான் அக்கரையில் என்னவெல்லாம் போயிற்று என்பது விளங்கும்.